படியேறும்போது கவசமா, திருப்புகழா?

பழனி மலைப்படியில் எதைச் சொல்லிக்கொண்டு ஏறுவது? எங்கள் வீட்டிலேயே இரண்டு கட்சி. அம்மா கந்த சஷ்டி கவசம், சித்தப்பா திருப்புகழ்.

கவசத்துக்கு உரை தேவையில்லை. தேவராய சுவாமிகள் கண், செவி, நாசி என்று ஒவ்வோர் உறுப்பாகச் சொல்லி, வேல் காக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டே போகிறார். பேய், பாம்பு விஷம், சிரங்கு, குடைச்சல், எதையும் விடவில்லை. பாதிப் படியில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்காரும் அம்மாவுக்கு, முழந்தாளைக் காக்கச் சொல்லும் வரியைவிடப் பெரிய தத்துவம் எதுவும் வேண்டியதில்லை. பயத்தில் பிறக்கும் பக்தி மட்டம் என்பார் சித்தப்பா. வலி வந்தவரிடம் அதைச் சொல்லிப் பார்க்கட்டும்!

திருப்புகழ் பாடிய 15ஆம் நூற்றாண்டு அருணகிரிநாதரின் கதையே வேறு. பதிப்புகளில் பாட்டுக்கு மேலே ‘தனன தனதன’ என்று சந்தத்தை அச்சிட்டிருப்பார்கள். அதைப் பிடித்துக்கொண்டால் பொருள் புரியாமலேயே பாட்டு நம்மை இழுத்துப் போகும். நடுவில் மூச்சு வாங்கத்தான் இடமே கிடைக்காது. பொருளுக்கு உரையைத்தான் புரட்ட வேண்டும். புரட்டினால், பல பாட்டுகளில் முதல் பாதி பெண்மயக்கத்தைப் பற்றி. சபையில் விளக்கச் சங்கடம்.

என்னைக் கேட்டால், படியில் கவசம். கொடைக்கானல் குறிஞ்சி ஆண்டவர் கோயிலில், மேகம் விலகிக் கீழே பழனி தெரியும்போது நிதானமாகத் திருப்புகழ். புதிதாகத் தொடங்குபவர் ‘நாத விந்து’ பாட்டை எடுக்கலாம். பழனிப் பாட்டு, முதல் பாதியில் திரும்பத் திரும்ப ‘நமோநம’, அதனால் வாய்க்குச் சீக்கிரம் படியும்.