மின்துறையில் தொலைவேலை: நிலையமா, மையமா, வீடா?

மின்துறையில் வீட்டிலிருந்து வேலை பார்க்க முடியுமா என்ற கேள்வி 2020-ஆம் ஆண்டின் ஊரடங்குக்குப் பிறகு அடிக்கடி எழுகிறது. கம்பத்தில் ஏறும் வேலையைக் கணினியில் செய்ய முடியாது என்று ஒரு தரப்பு சொல்கிறது. எல்லாம் ஸ்கேடாவுக்கு, அதாவது கருவிகளைத் தொலைவிலிருந்து கண்காணித்து இயக்கும் கணினி அமைப்புக்கு, வந்துவிட்ட பிறகு துணைமின் நிலையத்தில் ஆள் எதற்கு என்று மறுதரப்பு கேட்கிறது. இரு தரப்பும் தொலை இயக்கத்தையும் வீட்டிலிருந்து வேலை பார்ப்பதையும் ஒன்றாகக் கருதிவிடுகின்றன. உண்மையில் நம்முன் மூன்று வழிகள் உள்ளன. ஒன்று, கருவிகள் இருக்கும் நிலையத்திலேயே ஆளை வைப்பது. இரண்டாவது, பல நிலையங்களை ஒரே மையத்திலிருந்து இயக்குவது. இதில் ஊழியர் கருவியிடமிருந்து பல நூறு கிலோமீட்டர் தள்ளி இருந்தாலும், காவலும் கட்டுப்பாடும் உள்ள ஓர் அறையில்தான் அமர்ந்திருக்கிறார். மூன்றாவது, வீட்டில் சில நாள், அலுவலகத்தில் சில நாள் என்ற கலப்பு முறை. இவற்றை ஒப்பிடும்போது எந்தப் பதவி வீட்டுக்குப் போகலாம் என்று கேட்பதைவிட, எந்தச் செயல் போகலாம் என்று கேட்பதே சரியான வழி என்று கருதுகிறேன். அளவீடுகளைப் பார்ப்பதும் கணக்கிடுவதும் போகலாம். பிரேக்கர் என்ற பெரிய ஸ்விட்சைத் திறந்து மின்பாதையைத் துண்டிப்பதும், மூடி இணைப்பதும் போகக் கூடாது.

நிலையத்தில் ஆள் இருப்பதன் மதிப்பு, லைன் கிளியர் (எல்.சி.), அதாவது மின்சாரம் நிறுத்தப்பட்ட பாதையில் வேலை செய்யும் அனுமதி, கொடுக்கும் வேளையில்தான் முழுமையாகப் புரியும். ஒரு 11 கே.வி. (கிலோவோல்ட்) ஃபீடரில், அதாவது நிலையத்திலிருந்து ஊருக்குள் மின்சாரம் கொண்டு செல்லும் பாதையில், வேலை செய்ய வேண்டும் என்று களப்பணியாளர் கேட்கிறார். துணைமின் நிலையத்தில் இருப்பவர் அந்த ஃபீடரின் பிரேக்கரைத் திறந்து, அது பொருத்தப்பட்ட சக்கர வண்டியான டிரக்கை வெளியே இழுத்து, ஆட்கள் வேலை செய்கிறார்கள் என்ற பலகையை மாட்டி, நேரத்தையும் கேட்டவர் பெயரையும் பதிவேட்டில் எழுதிய பிறகே எல்.சி. தருகிறார். வேலை முடிந்து, பாதுகாப்புக்காகப் பாதையை நிலத்தோடு இணைத்திருந்த எர்த் ராடுகளை எடுத்து, ஆட்கள் அனைவரும் இறங்கிவிட்டார்கள் என்று எல்.சி. வாங்கியவரே திருப்பித் தந்தால்தான் மின்சாரம் மீண்டும் விடப்படும். ஒரு மனித உயிர் இந்தச் சங்கிலியில் தொங்குகிறது. தொலைவிலிருந்தும் இதைச் செய்யலாம். ஆனால் பிரேக்கர் திறந்திருப்பதைத் திரையில் ஒரு நிற மாற்றமாகக் காண்பதும், இழுத்து வைக்கப்பட்ட டிரக்கைக் கண்ணால் காண்பதும் ஒன்றல்ல.

இன்னும் சில விஷயங்கள் ஸ்கேடாவின் கண்ணில் படுவதே இல்லை. டிரான்ஸ்ஃபார்மரின் சுவாசக் குழாயில் இருக்கும் சிலிகா ஜெல் ஈரம் உறிஞ்சி நீலத்திலிருந்து வெளிர் சிவப்புக்கு மாறுவதை, கருவிகள் நிற்கும் யார்டை மணிக்கொரு முறை சுற்றி வருபவர் பார்க்கிறார். பேட்டரி அறையில் முனைகளில் பூத்திருக்கும் உப்பையும் அவரே பார்க்கிறார். அந்த பேட்டரி சிறிய விஷயம் அல்ல. அது தரும் நேர்மின்சாரம் தவறினால், பாதையின் பழுதைக் கண்டறியும் கருவியான ரிலே அதை உணர்ந்தாலும் பிரேக்கர் திறக்காது. பழுது மேல்மட்டப் பாதை வரை ஏறி, ஒரு தெருவில் முடிந்திருக்க வேண்டிய மின்தடை ஊர் முழுவதையும் இருளில் தள்ளும்.

அதற்காக மையத்திலிருந்து இயக்கும் முறையைக் குறைத்து மதிப்பிட முடியாது. மத்திய அரசின் மின்கடத்தல் நிறுவனமான பவர்கிரிட் ஹரியானாவின் மானேசரில் அமைத்த தேசியச் சொத்து மேலாண்மை மையம் 2015 முதல் நாட்டின் பல பகுதிகளில் உள்ள உயரழுத்த நிலையங்களைத் தொலைவிலிருந்து இயக்கி வருகிறது. ஒவ்வொரு நிலையத்திலும் மூன்று ஷிப்டுக்கு ஆள் வைப்பதற்கு மாறாக, சில நிலையங்களுக்குப் பொதுவாக ஒரு பராமரிப்புக் குழு இருக்கிறது. ஒதுக்குப்புறமான யார்டில் இரவு முழுவதும் தனியாக அமர்ந்திருந்த பொறியாளருக்கு இது பெரிய விடுதலை. ஒரு பாதை டிரிப் ஆனால், அதாவது பழுதால் தானாகத் துண்டிக்கப்பட்டால், அதே பகுதியில் உள்ள மற்ற நிலையங்களின் நிலையையும் மையத்தில் இருப்பவர் அப்போதே ஒருசேரக் காண முடிகிறது. தனி நிலையத்தில் இருப்பவருக்கு அந்தப் பார்வை வாய்க்காது.

ஆனால் இந்த வசதி, மோட்டாரால் இயங்கும் ஐசொலேட்டர்களும் (கருவியைப் பாதையிலிருந்து பிரித்து வைக்கும் ஸ்விட்சுகள்) கேமராக்களும் ஒன்றுக்கு மேற்பட்ட தகவல் தொடர்புப் பாதைகளும் உள்ள 400 கே.வி., 765 கே.வி. நிலையங்களுக்கே எளிதாகப் பொருந்துகிறது. பாதையைப் பிரிக்கக் கையால் இயக்கும் ஏ.பி. ஸ்விட்ச் உள்ள பழைய 33/11 கே.வி. நிலையத்தில், மையத்திலிருந்து பிரேக்கரை மட்டும் திறக்க முடியும். மீதி வேலைக்கு ஒருவர் வண்டி எடுத்துக்கொண்டு போய்த்தான் ஆக வேண்டும்.

மின்தொகுப்பை, அதாவது ஒன்றோடொன்று இணைந்த மின்வலை முழுவதையும், நடத்தும் மின்சுமைக் கட்டுப்பாட்டு மையங்கள் இந்த விவாதத்தில் தனி இடம் பெறுகின்றன, ஏனெனில் அங்கே செய்யப்படுவது முழுவதும் திரையும் தொலைபேசியும் சார்ந்த வேலைதான். மேலோட்டமாகப் பார்த்தால் வீட்டுக்கு அனுப்ப முதல் தகுதி அதற்கே உண்டு என்று தோன்றும். 2020 ஏப்ரல் 5 இரவு நடந்தது அதற்கு நேர்மாறான பாடத்தைத் தருகிறது. நாடு முழுவதும் 9 மணிக்கு 9 நிமிடம் விளக்குகளை அணைக்கும்படி அழைப்பு விடுக்கப்பட்டபோது, மின்தேவை அரை மணி நேரத்துக்குள் சுமார் 31,000 மெகாவாட் சரிந்தது. எதிர்பார்த்ததோ அதில் பாதிக்கும் குறைவு. நீர்மின் நிலையங்களின் உற்பத்தியை வேகமாகக் குறைத்தும், விளக்குகள் மீண்டும் எரியத் தொடங்கியதும் அதே வேகத்தில் கூட்டியும் தொகுப்பைக் காப்பாற்றினார்கள். உற்பத்தியும் தேவையும் சமமாக இருக்கின்றனவா என்பதைக் காட்டும் அதிர்வெண் 49.70-க்கும் 50.26 ஹெர்ட்ஸுக்கும் இடையில் நின்றது. இயல்பான வரம்பு 49.90 முதல் 50.05 வரை என்பதை நினைத்தால், அந்த இரவு எவ்வளவு நெருக்கடியானது என்பது விளங்கும். அத்தகைய வேளையில் பக்கத்து மேசையில் இருப்பவர் ஒரு மாநிலத்துடன் என்ன பேசுகிறார் என்பதைக் காதால் கேட்டுக்கொண்டே, அவர் கேட்காமலேயே அடுத்த மாநிலத்தை அழைப்பதுதான் கட்டுப்பாட்டு அறையின் பலம். காணொளிக் கூட்டத்தில் அது கிடைக்காது.

அமெரிக்காவில் நியூயார்க் மாநில மின்தொகுப்பை நடத்தும் அமைப்பு, அதே ஆண்டின் பெருந்தொற்றுக் காலத்தில், மற்ற ஊழியர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, கட்டுப்பாட்டு அறை ஊழியர்களை மைய வளாகத்திலேயே வாரக்கணக்கில் தங்க வைத்தது. அங்கேயே உண்டு, அங்கேயே உறங்கி, குடும்பத்தைப் பிரிந்து அவர்கள் வேலை செய்தார்கள். வீட்டிலிருந்து தொகுப்பை நடத்துவது சாத்தியமாக இருந்தால், இப்படியொரு சுமையை எந்த நிர்வாகமும் அவர்கள் மேல் ஏற்றியிருக்காது.

வீட்டிலிருந்து கட்டளை அனுப்புவதற்கு எதிரான வலுவான சான்று உக்ரைனில் உள்ளது. 2015 டிசம்பர் 23 அன்று அங்கே மூன்று மின்வினியோக நிறுவனங்களுக்குள் ஊடுருவியவர்கள், ஊழியர்களின் கடவுச்சொற்களைத் திருடி, தொலை இணைப்பு வழியாகவே உள்ளே வந்தார்கள். ஊழியர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே திரையில் சுட்டி தானாக நகர்ந்து பிரேக்கர்களை ஒவ்வொன்றாகத் திறந்தது. சுமார் 2,25,000 நுகர்வோர் மின்சாரம் இழந்தார்கள். நிலையங்களோடு பேசும் தொடர்புக் கருவிகளின் மென்பொருளையும் அழித்துவிட்டதால், மையத்திலிருந்து திரும்ப மூட வழி இல்லாமல் போயிற்று. ஆனாலும் சில மணி நேரத்தில் மின்சாரம் வந்துவிட்டது. ஊழியர்கள் வண்டியில் ஏறி நிலையங்களுக்குப் போய், பிரேக்கர்களைக் கையால் மூடினார்கள். நிலையத்தை அறிந்த ஆட்கள் அருகில் இருந்ததால்தான் அது முடிந்தது. ஆட்களை முற்றிலும் விலக்கிவிட்ட ஒரு நிறுவனத்துக்கு அந்த வழி அடைபட்டிருக்கும்.

இணையத் தாக்குதல் அரிது, புயல் அப்படியல்ல. 2018 நவம்பரில் கஜா புயல் காவிரிப் படுகை மாவட்டங்களைத் தாக்கியபோது ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட மின்கம்பங்கள் சாய்ந்தன. கைபேசிக் கோபுரங்களும் பல இடங்களில் செயலிழந்தன. மின்துறை ஊழியர் மிக அதிகமாகத் தேவைப்படும் நாளில், அவர் வீட்டிலேயே மின்சாரமும் இணையமும் இருக்காது என்பது இந்தத் துறைக்கு மட்டுமே உரிய சிக்கல். கட்டுப்பாட்டு மையத்துக்கு இருவழி மின்னிணைப்பு, பேட்டரி, டீசல் ஜெனரேட்டர் ஆகியவை உண்டு. மின்கோபுரங்களின் உச்சியில் ஓடும் எர்த் கம்பிக்குள்ளேயே கண்ணாடி இழையைப் பொதித்துத் துறை தனக்கென அமைத்துக்கொண்ட தொடர்பும் உண்டு. இதற்கு ஈடான ஏற்பாட்டை எந்த வீட்டிலும் செய்ய முடியாது.

இவ்வளவுக்குப் பிறகும் கலப்பு முறையை நான் ஆதரிக்கிறேன், ஏனெனில் கட்டளை தேவைப்படாத வேலை இந்தத் துறையில் நிறைய இருக்கிறது. நாளை 15 நிமிடத்துக்கு ஒன்றாக 96 பகுதிகளில் எவ்வளவு காற்றாலை மின்சாரம் வரும் என்று கணித்து அட்டவணை அனுப்புபவர், காற்றாலைகள் நிற்கும் முப்பந்தலில் இருந்தால் என்ன, சென்னைப் புறநகரில் தன் வீட்டில் இருந்தால் என்ன? கட்டண மனு தயாரிப்பவர், ஒப்பந்தப்புள்ளி ஆவணம் எழுதுபவர், எந்தப் பாதையில் எவ்வளவு மின்சாரம் பாயும் என்று சுமை ஓட்டக் கணக்கீடு செய்பவர் ஆகியோருக்கு அமைதியான அறையும் நல்ல கணினியும் போதும். சிறு குழந்தை உள்ள பெண் பொறியாளர்கள் வடிவமைப்பு, திட்டமிடல் பிரிவுகளில் பணியைத் தொடர இம்முறை துணை செய்கிறது. ஆட்பற்றாக்குறை உள்ள ஒரு துறை இதை உதறித் தள்ளக் கூடாது.

ரிலே பொறியாளரின் வேலை இரண்டு பக்கமும் சாய்கிறது. பாதை டிரிப் ஆனதும் ரிலே பதிந்துவைத்த அலைவடிவக் கோப்பை வீட்டில் திறந்து, எந்த ஃபேஸில், எத்தனை கிலோமீட்டரில் பழுது என்று சொல்லிவிடலாம். அங்கே கிளை உரசியதா, இன்சுலேட்டர் உடைந்ததா என்பதைப் பாதை வழியே நடப்பவர்தான் சொல்ல முடியும். சோதனைப் பெட்டியை இணைத்து ரிலேவுக்கு மின்னோட்டம் செலுத்தி, அது சரியான நேரத்தில் செயல்படுகிறதா என்று தன் கையால் பார்க்காத இளைஞர், திரையில் தெரியும் அமைப்பு எண்களை நம்பிவிடுகிறார். எங்கே வயரிங் மாறியிருக்கலாம் என்ற சந்தேகம் அவருக்கு எழுவதே இல்லை. ஆகவே பணியில் சேர்ந்த முதல் சில ஆண்டுகளுக்குக் கலப்பு முறையை அனுமதிக்கக் கூடாது என்பது என் கருத்து.

வீட்டு வேலைக்கு அனுமதி தரும் இடத்தில், கட்டுப்பாட்டு வலையமைப்பிலிருந்து தரவின் நகல் மட்டும் வெளியே வர வேண்டும். அந்த வழியில் எதுவும் உள்ளே போகக் கூடாது. நிலையத்திலிருந்து ஆளை விலக்க நினைக்கும் நிர்வாகம், பேட்டரியின் நிலை மையத்துக்குத் தெரிகிறதா, இரண்டாவது தொடர்புப் பாதை முதல் பாதை செல்லும் அதே கோபுரங்களில் போகிறதா, மழை பெய்யும் இரவில் பராமரிப்புக் குழுவின் வண்டி அந்த நிலையத்தை அடைய எவ்வளவு நேரமாகிறது என்ற மூன்றையும் முதலில் சோதிக்க வேண்டும். மூன்றாவதைக் காகிதத்தில் கணக்கிடாமல், ஐப்பசி அடைமழையில் ஓர் இரவு வண்டியை அனுப்பியே அறிய வேண்டும்.