யூரோஸ்டாட் டேட்டா சைட்: ஜெர்மனி பச்சை மக்காச்சோளக் கணக்கு பாக்க எப்படி இருக்கு?

யூரோஸ்டாட்னா ஐரோப்பிய ஒன்றியத்தோட புள்ளிவிவர அலுவலகம். அவங்க சைட்ல காசு கிடையாது, லாகின் கிடையாது, முதல்ல அதுக்கே ஒரு சலாம். ஆனா பொறுமை இல்லாதவங்க இந்தப் பக்கம் வராதீங்க. நான் தோண்டினது ஜெர்மனியோட பச்சை மக்காச்சோளம், அதாவது தானியத்துக்கு விடாம செடியோட வெட்டி நறுக்கி, காத்துப் புகாம மூடிப் புளிக்க வெச்சு சைலேஜ் போடுறாங்களே, அது.

பயிர் லிஸ்ட் நீளமோ நீளம். மேல தானியங்கள்லயே மக்காச்சோளம்னு ஒண்ணு வரும், அதை டிக் பண்ணிட்டு கிளம்பிடாதீங்க, அது தானியக் கணக்கு, கோட் சி1500. நமக்கு வேண்டியது கீழ பசுந்தீவனப் பயிர்கள் குரூப்ல இருக்குற ஜி3000. பரப்பு ஆயிரம் ஹெக்டேர்ல, உற்பத்தி ஆயிரம் டன்ல இருக்கும், ஸோ 2,100னு இருந்தா 21 லட்சம் ஹெக்டேர். கட்டத்துல வெறும் முக்காற்புள்ளி மட்டும் நின்னா டேட்டா இல்லைனு அர்த்தம், பூஜ்யம்னு எடுத்து எக்செல்ல சராசரி போட்டுடாதீங்க.

லைன் சார்ட் ஆப்ஷன்தான் எனக்கு ரொம்பப் பிடிச்சது. 2000ல 12 லட்சம் ஹெக்டேருக்கும் கீழ இருந்த பரப்பு சரசரன்னு ஏறி 2011, 2012 வாக்குல 20 லட்சத்தைத் தாண்டிடுது, அப்புறம் பெருசா ஏறாம அந்த லெவல்லயே ஓடுது. சரி ஏன் ஏறுச்சு, ஏன் நின்னுச்சுனு கேட்டா சைட் வாயே திறக்காது. பதில் மாட்டுக் கொட்டகையில இல்ல, பயோகேஸ்ல இருக்கு. ஜெர்மனி புதுப்பிக்கத்தக்க எரிசக்திச் சட்டத்தை 2004ல திருத்தி, பயிரைப் புளிக்க வெச்சு கேஸ் எடுத்து, அதுல கரண்ட் தயாரிச்சா போனஸ்னு சொன்னாங்க, அதுவும் அந்த கரண்டுக்கு 20 வருஷத்துக்கு விலை கேரண்டி, விவசாயி சும்மா இருப்பாரா? ஊரெல்லாம் மக்காச்சோளமா போச்சுனு புலம்பல் கிளம்பினதும் 2012ல புது பயோகேஸ் ஆலைகளுக்கு, உள்ள போடுற சரக்குல மக்காச்சோளமும் தானியமும் சேர்ந்து அதிகபட்சம் 60 சதவீதம்தான்னு மூடி போட்டாங்க, 2014ல புதுசா வர்றவங்களுக்கு அந்த போனஸே போச்சு. பழைய ஆலைகளுக்கு கேரண்டி ஓடிட்டே இருந்ததால சார்ட் தடால்னு விழல. இதையெல்லாம் வெளிய படிச்சுட்டு வந்து பாத்தாதான் அந்தக் கோடு புரியும்.

2018 ஒண்ணை மட்டும் ஜூம் பண்ணிப் பாருங்க. பரப்பு முந்தின வருஷத்தை விட கூடியிருக்கு, உற்பத்தியோ கிட்டத்தட்ட 10 கோடி டன்ல இருந்து 8 கோடிக்கும் கீழ போயிடுச்சு. அந்த வருஷம் கடும் வறட்சி, ஹெக்டேருக்கு 35 டன் தேறுறதே பெரும்பாடு, நல்ல வருஷத்துல 45 டன் சாதாரணம். பரப்பு கூடினதுல ஒரு பங்கு, கதிர் சரியா பிடிக்காத தானிய மக்காச்சோளத்தையும் தீவனத்துக்கு வெட்டினது. பரப்பை மட்டும் பாத்து "ஆஹா வளர்ச்சி"னு எழுதுறவங்க இங்கதான் மாட்டுவாங்க, ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாருங்க.

பெரிய குறை, வெட்டின பயிர்ல எவ்ளோ மாட்டுக்குப் போச்சு, எவ்ளோ கேஸுக்குப் போச்சுனு ஜி3000 பிரிச்சுக் காட்டாது. ஜெர்மனி கதையே அதுலதான் இருக்கு! மாநில வாரியா வேணும்னா ஜெர்மன் புள்ளிவிவர அலுவலகத்தோட அறிக்கைகளுக்குப் போங்க, லோயர் சாக்சனியும் பவேரியாவும் எப்பவும் மேல நிக்கும், ஆனா ஜெர்மன் பாஷையில மல்லுக்கட்டணும்.

5க்கு 3.5. நாடு நாடா ஒப்பிட இதை விட்டா வேற நல்ல இடம் எனக்குத் தெரிஞ்சு இல்ல.