பிடிபட்ட சரக்கை மீட்க: பணமா, பேங்க் கேரண்டியா, ரிட் மனுவா?

ராத்திரி பதினொரு மணிக்கு டிரைவரிடமிருந்து போன் வரும். "முதலாளி, வண்டியை ஓரங்கட்டிட்டாங்க. ஈ-வே பில் டைம் முடிஞ்சிருச்சாம்."

ஈ-வே பில் என்பது சரக்கோடு கூடவே போக வேண்டிய, காலக்கெடு உள்ள ஜிஎஸ்டி மின்னணுச் சீட்டு. அதில் குறை இருந்தால் ஜிஎஸ்டி அதிகாரி சரக்கையும் லாரியையும் பிடித்து வைக்கலாம். 18 சதவீத வரியுள்ள 4 லட்ச ரூபாய் சரக்கு என்று வைத்துக்கொள்வோம். வரி 72,000. ஜிஎஸ்டி சட்டத்தின் 129ஆம் பிரிவுப்படி, உரிமையாளர் முன்வந்தால் வரியைப் போல இரு மடங்கு அபராதம்: 1,44,000. அவர் வராவிட்டால், சரக்கின் மதிப்பில் பாதி அல்லது அந்த இரு மடங்கு, இதில் எது அதிகமோ அது: 2 லட்சம். அதனால் "சரக்கு என்னுடையது" என்று முதலில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். இன்வாய்ஸ் கூடவே வந்திருந்தால் அனுப்பியவரையோ பெறுபவரையோ உரிமையாளராகக் கொள்ள வேண்டும் என்று 2018 டிசம்பர் 31 தேதியிட்ட சுற்றறிக்கையே சொல்கிறது.

பணத்தைக் கட்டிவிடுவதுதான் வேகமான வழி. அழுகும் சரக்கு என்றால் வேறு யோசனையே வேண்டாம். ஆனால் பணம் கட்டியதும் நடவடிக்கை முடிந்ததாகக் கருதப்படும் என்று 129(5) சொல்கிறது. அதைக் காட்டி உத்தரவே போடாமல் கோப்பை மூடிவிடுவது உண்டு. உத்தரவு இல்லாமல் எதை எதிர்த்து மேல்முறையீடு போவது? கர்நாடகத்திலிருந்து டெல்லிக்குப் போன பாக்கு லோடு ஜான்சியில் பிடிபட்ட வழக்கில், 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொன்னது: பணம் கட்டியிருந்தாலும் எம்ஓவி-09 படிவத்தில் காரணத்தோடு உத்தரவு போட்டே ஆக வேண்டும். ஆகவே ஆட்சேபத்தை எழுதிக் கொடுத்துவிட்டுக் கட்டுங்கள், உத்தரவைக் கேட்டு வாங்குங்கள்.

பேங்க் கேரண்டி, அதாவது நீங்கள் கட்டாவிட்டால் நான் கட்டுகிறேன் என்று பேங்க் எழுதிக் கொடுக்கும் உறுதி, அதுவும் அதே தொகைக்குத்தான். சின்ன வியாபாரியிடம் பேங்க் பெரும்பாலும் அதே அளவு டெபாசிட் கேட்கும், ஒன்றிரண்டு நாளும் ஓடிவிடும். இருந்தாலும் எனக்குப் பிடித்த வழி இதுதான். பணம் உங்கள் பெயரிலேயே இருக்கிறது, வழக்கும் உயிரோடு இருக்கிறது. பிடித்த 7 நாளில் நோட்டீஸ், நோட்டீஸ் கொடுத்த 7 நாளில் உத்தரவு என்ற கெடுவுக்கு அதிகாரி பதில் சொல்லியாக வேண்டும்.

அப்புறம் ரிட் மனு, அதாவது அதிகாரியின் நடவடிக்கையை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு. "கேரண்டி வேண்டாம், வெறும் பாண்டில் (எழுத்து உறுதிமொழியில்) விடச் சொல்லுங்கள்" என்று உயர் நீதிமன்றம் போகும் ஆசை நியாயமானதே. ஆனால் அது சறுக்கும் பாதை. 2019 நவம்பரில் கே பான் ஃப்ராக்ரன்ஸ் வழக்கில், அலகாபாத் உயர் நீதிமன்றம் சட்டத்தில் உள்ள நிபந்தனைகளை விட்டுவிட்டு இடைக்கால உத்தரவில் சரக்கை விடுவித்ததை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. அது 67ஆம் பிரிவுச் சோதனையில் பிடிபட்ட சரக்கு. பாண்டும் கேரண்டியும் கொடுத்து மீட்கச் சட்டத்திலேயே வழி இருக்கும்போது, கோர்ட் அதைத் தாண்டிப் போகக்கூடாது என்பதுதான் தீர்ப்பின் சாரம்.

இதற்கு நேர்மாறாக முடிந்தது சத்யம் சிவம் பேப்பர்ஸ் வழக்கு. 2020 ஜனவரியில் தெலங்கானாவில் பேப்பர் லோடு போராட்ட நெரிசலில் சிக்கி, ஈ-வே பில் காலாவதியாகிவிட்டது. பிடித்த சரக்கை அதிகாரி தன் உறவினர் வீட்டில் வைத்தார். வியாபாரி 69,000 ரூபாய் கட்டி மீட்டார், பிறகு வசூலையே எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போனார். பணம் 6 சதவீத வட்டியோடு திரும்பக் கிடைத்தது. உயர் நீதிமன்றம் 10,000 ரூபாய் செலவுத்தொகை விதித்தது, 2022இல் உச்ச நீதிமன்றம் மேலும் 59,000 சேர்த்தது. நிபந்தனையோடு மல்லுக்கட்டாமல் வசூலின் அடித்தளத்தையே கேள்வி கேட்டதுதான் அவர் செய்த சரியான காரியம்.

அதற்காக ரிட்டே கூடாது என்று சொல்லவில்லை. நோட்டீஸ் தராமல் இழுத்தடித்தாலோ, உரிமையாளர் நேரில் நின்றும் 2 லட்சக் கணக்கைப் போட்டாலோ தயங்காமல் போகலாம்.

எந்த வழியில் போனாலும், உத்தரவு கைக்கு வந்த 15 நாளுக்குள் முடிவெடுங்கள். தாண்டினால் சரக்கு ஏலத்துக்குப் போகலாம். லாரியை மட்டும், அபராதத் தொகை அல்லது 1 லட்சம், எது குறைவோ அதைக் கட்டி லாரிக்காரர் தனியாக மீட்கலாம். அதை அன்றைக்கே அவரிடம் சொல்லிவிடுங்கள். டிரைவர் எத்தனை ராத்திரிதான் ரோட்டோரத்தில் கேபினுக்குள் படுத்துக் கிடப்பார்?