தெருவில் அநாதையாக நிற்கும் கார்: ஆப்பா, காவல் நிலையமா?

மாதக்கணக்கில் தூசி படிந்து, டயர் இறங்கி ஒரு கார் உங்கள் வாசலை அடைத்து நிற்கிறது. யாருடையது என்று தெரிந்துகொள்ள நம் ஊரில் இரண்டு வழிகள் உண்டு.

முதலில் கை போவது மத்திய அரசின் வாகன விவர ஆப்பான எம்பரிவாகனுக்குத்தான். நம்பர் பிளேட்டில் உள்ள பதிவு எண்ணைத் தட்டினால் எந்த ஆர்டிஓ, என்றைக்குப் பதிவானது, இன்சூரன்ஸ் எதுவரை என்பதெல்லாம் வந்துவிடும். உரிமையாளர் பெயர் மட்டும் நட்சத்திரக் குறிகளுக்குள் ஒளிந்திருக்கும். முகவரியும் கிடைக்காது. பதிவு எண் TN 07 என்று தொடங்கினால் சென்னை திருவான்மியூர் ஆர்டிஓ. அதை வைத்துக்கொண்டு யார் வீட்டுக் கதவைத் தட்டுவது? ஆனாலும் இன்சூரன்ஸ் எப்போதோ முடிந்திருந்தால், கார் கைவிடப்பட்டது என்ற சந்தேகம் வலுக்கும்.

காவல் நிலையத்தில் எழுதிக் கொடுப்பதற்கு அலைச்சல் உண்டு, பொறுமையும் வேண்டும். ஆனால் முழுப் பெயரும் முகவரியும் அவர்களால் எடுக்க முடியும். பிளேட்டே இல்லாவிட்டாலும் வண்டியின் சட்டகத்தில் பொறித்த சேசிஸ் எண், இன்ஜின் எண் இருக்கிறதே! திருட்டு வண்டியா என்பதும் தெரிந்துவிடும். தவிர, பொது இடத்தில் பத்து மணி நேரத்துக்கு மேல் கேட்பாரற்று நிற்கும் வண்டியை இழுத்துச் செல்ல உத்தரவிட மோட்டார் வாகனச் சட்டத்தின் 127ஆம் பிரிவு சீருடையில் உள்ள காவலருக்கு அதிகாரம் தருகிறது. செலவு உரிமையாளர் தலையில்.

என்னைக் கேட்டால், ஆப்பில் பார்த்ததைக் குறித்துக்கொண்டு, போட்டோவுடன் நேராகக் காவல் நிலையம் போய்விடுவேன். சென்னைக்காரர்கள் மாநகராட்சியின் 1913க்கும் ஒரு போன் போடலாம்.