இல்லாத அப்பீலைக் காட்டிப் பணம் பறிக்கிறார்கள்: கிருஷ்ணகிரி, பர்கூர் பக்கத்துத் தொழிலாளர்கள் கவனத்திற்கு

என் தங்கை கணவர் கிருஷ்ணகிரி அருகே கிரானைட் பாலிஷ் பட்டறை ஒன்றில் வேலை செய்தார். கல் சரிந்து வலது கையில் மூன்று விரல்கள் போய்விட்டன. சிறிய பட்டறை என்பதால் ஈ.எஸ்.ஐ. கிடையாது, முதலாளி எடுத்திருந்த இன்சூரன்ஸ் பாலிசி மட்டும் இருந்தது. மருத்துவமனை வாசலிலேயே ஒரு தரகர் வந்து ஒட்டிக்கொண்டார். வக்கீலை அவரே பிடித்தார். வக்காலத்து, வெற்றுத் தாள்கள், பாஸ்புக், கையெழுத்திட்ட காசோலைகள் என எல்லாம் அவர் பைக்குள் போயின.

இழப்பீட்டு வழக்கு வென்றது. அப்போது நடைமுறையில் இருந்த 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டப்படி கணக்கு இப்படி: மாதச் சம்பளம் எவ்வளவு வாங்கினாலும் உச்சவரம்பு 15,000 ரூபாய். அதில் 60 சதவீதம் 9,000. வயது 35 என்பதால், அந்த வயதுக்குச் சட்டத்தின் அட்டவணையில் உள்ள எண்ணான 197.06 ஆல் அதைப் பெருக்க வேண்டும். ஒரு கையில் மூன்று விரல்கள் இழந்தால் 30 சதவீதம். ஆக 5,32,062 ரூபாய்.

உத்தரவு வந்ததும் தரகரின் பேச்சு மாறியது. "தம்பி, இன்சூரன்ஸ்காரன் சென்னை ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டுவிட்டான். பத்து வருஷம் இழுப்பான். இரண்டரை லட்சத்துக்கு ராசியாகப் போய்விடலாம்" என்றார். ஹைகோர்ட் செலவு என்று 30,000 ரூபாயும் வாங்கிக்கொண்டார். ரசீது கேட்டதற்கு, "நம்பிக்கை இல்லையா?" என்று கோபித்துக்கொண்டாராம். இந்த வகை ஆட்களுக்குக் கோபம் மட்டும் சரியான நேரத்தில் வந்துவிடும்.

விஷயம் என் காதுக்கு எட்டியதும் அப்பீல் நம்பர் என்ன என்று கேட்டேன். பதில் இல்லை. உயர் நீதிமன்ற இணையதளத்தில் பெயரைப் போட்டுத் தேடினால் அப்படி ஒரு வழக்கே இல்லை. வழக்கை விசாரித்து உத்தரவு போட்ட தொழிலாளர் இழப்பீட்டு ஆணையர் அலுவலகத்துக்கு நேரில் போனபோதுதான் முழுக்கதையும் புரிந்தது: இன்சூரன்ஸ் கம்பெனி முழுத் தொகையையும் எப்போதோ டெபாசிட் செய்துவிட்டது. ராசி என்று சொல்லி இரண்டரை லட்சத்தைக் கையில் கொடுத்துவிட்டு, மீதியை அந்தக் காசோலைகளால் எடுத்துக்கொள்வதுதான் திட்டம். வங்கியில் சொல்லிக் காசோலைகளை நிறுத்தினோம். பணம் மைத்துனர் கணக்குக்கே வந்தது.

உண்மையாகவே அப்பீல் வந்தாலும் இப்படி நடுங்க வேண்டியதில்லை. முதலாளி தரப்பு அப்பீல் செய்ய, தீர்ப்பான தொகையை ஆணையரிடம் கட்டியதற்கான சான்றிதழை மனுவோடு வைத்தாக வேண்டும். முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால்தான் அப்பீலே நிற்கும். டெபாசிட்டில் ஒரு பகுதியை எடுக்க அனுமதி கேட்டு நாமும் மனு போடலாம்.

எனக்கு ஆறாத வயிற்றெரிச்சல் வேறு. உத்தரவின் நகலை அந்த ஆள் எங்களிடம் காட்டவே இல்லை. வாங்கிப் படித்தால், 12 சதவீத வட்டியை உத்தரவு தேதியிலிருந்துதான் கணக்கிட்டிருந்தார்கள். விபத்து நடந்த நாளிலேயே இழப்பீடு கொடுபடவேண்டியதாகிவிடுகிறது என்று உச்ச நீதிமன்றம் 2012ஆம் ஆண்டுத் தீர்ப்பிலும் சொல்லியிருக்கிறது. வழக்கு ஏறக்குறைய இரண்டு ஆண்டு நடந்ததால், விடுபட்ட வட்டியே ஒரு லட்சத்தைத் தாண்டும். உண்மையில் அப்பீல் போட்டிருக்க வேண்டியவர்கள் நாங்கள்! அதற்கான 60 நாள் கெடு, அவர் சொன்ன பொய் அப்பீலுக்குப் பயந்து உட்கார்ந்திருந்த நாட்களிலேயே ஓடிவிட்டது.

ஆகவே உத்தரவு வந்த அன்றே நகலை உங்கள் கையில் வாங்குங்கள். வட்டி எந்தத் தேதியிலிருந்து என்ற வரியை முதலில் பாருங்கள். யாராவது அப்பீல் என்றால் நம்பரைக் கேளுங்கள். வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால் மாவட்ட நீதிமன்ற வளாகத்திலுள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். தொழிலாளர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் அங்கே இலவச வக்கீல் உண்டு. தொலைபேசி எண் 15100.

எங்களுக்கும் அப்படிக் கிடைத்த வக்கீல்தான் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு வட்டிக்கான அப்பீலைப் போட்டிருக்கிறார். 30,000 ரூபாய் பற்றிப் போலீசில் புகார் கொடுத்தோம். ரசீது எங்கே என்று கேட்கிறார்கள்.