கடல் சொல்லா, அரண்மனைச் சொல்லா?

பிரிட்டிஷ் கொச்சைப் பேச்சில் இரண்டும் உண்டு. எனக்குக் கடல்தான் ஒரு படி மேல். 1740-இல் அட்மிரல் எட்வர்ட் வெர்னன், மாலுமிகளின் ரம்மில் தண்ணீர் கலக்க உத்தரவிட்டார். அவர் அணிந்த கிராக்ரம் துணி மேலங்கியால் அவருக்கு 'ஓல்ட் கிராக்' என்று பட்டப்பெயர். அதிலிருந்த 'கிராக்' அந்தப் பானத்துக்கும் ஒட்டிக்கொண்டது. அதில் பிறந்த 'கிராகி', இன்று தூக்கக் கலக்கத்தில் தள்ளாடுபவரைக் குறிக்கிறது. 'த்ரீ ஷீட்ஸ் டு த விண்ட்' என்றால் முழுப்போதை. இங்கே ஷீட் என்பது கப்பல் பாயை இழுத்துக் கட்டும் கயிறு; அது நழுவினால் பாய் படபடக்கும், கப்பல் தடுமாறும்.

அரச குடும்பத்தார், காக்னிகள் எனப்படும் கிழக்கு லண்டன் உழைப்பாளி மக்களின் எதுகைப் பேச்சில் வருகிறார்கள்; ஒரு சொல்லுக்குப் பதிலாக, அதே ஒலியில் முடியும் வேறு சொற்களைச் சொல்வது அது. 'டியூக் ஆஃப் கென்ட்' என்றால் ரென்ட், அதாவது வாடகை. ஒலிப் பொருத்தம் மட்டுமே. கோமகனுக்கும் வாடகைக்கும் உறவில்லை. ஆனாலும் 'குவீன்' என்பதற்கு எதுகையாக ராணியையே 'பேக்ட் பீன்' (வெந்த பீன்ஸ்) என்று அழைத்த துணிச்சல் எனக்குப் பிடிக்கும்.