ஆர்த்தோ4எக்ஸ்பி: எக்ஸ்-பிளேனில் நிஜமான தரை

எக்ஸ்-பிளேன் என்ற விமான சிமுலேட்டரின் தரைமேல் செயற்கைக்கோள் படத்தை விரிக்கும் இலவசக் கருவி. இதன் அருமை ஆல்ப்ஸ் பள்ளத்தாக்கிலுள்ள இன்ஸ்புரூக்கில் தெரியும்: 'இன்' என்ற ஆறும் வயல்களும் அசல் இடத்திலேயே இருப்பதால், வெளியே பார்த்தே வழி பிடித்து இறங்கலாம். அந்த ஊர் இருக்கும் +47+011 கட்டத்துக்கு (வடக்கு 47, கிழக்கு 11 டிகிரியில் தொடங்கும் சதுரம்) ஜூம் 16, அதாவது படத்தின் நுணுக்க அளவு 16, போதும். ஒரு படி கூட்டினால் டிஸ்கில் ஏறத்தாழ நான்கு மடங்கு இடம் பிடிக்கும். 17-ஐ விமான நிலையத்தைச் சுற்றி மட்டும் வையுங்கள்.

கட்டடங்களும் சாலைகளும் காணாமல் போகிறதா? அவற்றைக் கொண்ட ஓவர்லே அடுக்கைத் தனியாகப் பிரித்தெடுத்து, சீனரி பட்டியலில் ஆர்த்தோ (செயற்கைக்கோள் படக்) கட்டத்துக்கு மேலே வைக்க வேண்டும். வரிசை மாறினால் அவை எல்லாமே மறைந்துவிடும்.

பெரிய குறை, படத்திலேயே பதிந்த மலைநிழல். சூரியன் எந்தப் பக்கம் போனாலும் அது நகராது. மாலையில் ரொம்பவே உறுத்துகிறது.